தின்றும் தேறாத வான்கோழிகள்

என் மனைவி மஸ்கட்டுக்கு நர்ஸ் வேலைக்குப் போன வருஷம்தான் நான் வான்கோழி வாங்கினேன். அதற்கு முன் திண்டுக்கல் பக்கத்தில் ஒரு நூல் மில்லில் இருபத்திரண்டு வருஷம் ஃபிட்டராக இருந்தேன். மில்லில் முதலில் ஷிப்டைக் குறைத்தார்கள், பிறகு ஆளைக் குறைத்தார்கள், கடைசியில் என்னையும் போகச் சொன்னார்கள். மகள் கோயம்புத்தூரில் ஹாஸ்டலில் தங்கிப் படித்துக்கொண்டிருந்தாள். டவுனில் வாடகை வீட்டில் ஒற்றை ஆளாக இருந்து என்ன செய்வது என்று, கன்னிவாடிக்கு வெளியே மாமனார் விட்டுப்போன ஒரு ஏக்கரில் மோட்டார் ரூமை ஒட்டிக் கட்டியிருந்த சின்ன வீட்டுக்குப் போய்விட்டேன். வாசலில் நின்றால் மேற்கே மலை. மற்ற மூன்று பக்கமும் தென்னையும் முருங்கையும் பூந்தோட்டமும்தான்.

"ரெண்டே வருஷம். முடிஞ்சதும் ஓடி வந்துருவேன்" என்று சொல்லித்தான் அவள் விமானம் ஏறினாள்.

ஒட்டன்சத்திரம் பக்கம் ஒருவர் பண்ணையை மூடுகிறார், வான்கோழிகளை விற்கிறார் என்று கேள்விப்பட்டுப் போனேன். ஒரு பெரிய சேவல், ஐந்து பெட்டை. வயது கூடியவை. முட்டைக்கு வைத்துக்கொள்ளுங்கள், குஞ்சு பொரித்துப் பெருக்கிக்கொள்ளலாம் என்றார். ஏன் பண்ணையை மூடுகிறார் என்று நான் கேட்கவில்லை. மில்லில் ஒரு பழைய பேரிங் வாங்கினால்கூட எதற்காகக் கழற்றினார்கள் என்று கேட்கிறவன் நான். பறவை விஷயத்தில் அந்தப் புத்தி வேலை செய்யவில்லை.

தகரக் கொட்டகை போட்டேன். மண் தரை, மூங்கில் பரண், நாலு பக்கமும் திறப்பு. காற்றோட்டமாக இருக்கட்டும் என்றுதான் அப்படி விட்டேன். காக்காயும் புறாவும் உள்ளே வந்து தீனி பொறுக்கும். பக்கத்தில் மல்லிகைத் தோட்டம் வைத்திருந்த அக்காவின் நாட்டுக்கோழிகளும் வேலிக்கு அடியில் நுழைந்து வந்து மேயும். எனக்கு அதெல்லாம் சந்தோஷமாகவே இருந்தது. ஒரு உயிர் கூடுதலாக நடமாடினால் என்ன குறைந்துவிடப் போகிறது என்று நினைத்தேன்.

அந்த அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். விடிவதற்கு முன் பூப்பறித்து, பஸ்ஸில் திண்டுக்கல் பூ மார்க்கெட்டுக்கு அனுப்பிவிட்டு, பத்து மணிக்கு மேல் சமைப்பார். ஒற்றை ஆம்பளை என்ன பொங்கித் தின்னப் போகிறான் என்று நினைப்பார் போல. வாரத்தில் மூன்று நாளாவது ஒரு தூக்குவாளியில் வெஞ்சனமாகக் குழம்போ பொரியலோ வேலிக்கு மேலாக வந்துவிடும். "தம்பி, கத்தரிக்காய் இருக்கு, ஏனத்த அப்பறம் குடு" என்பார். அவ்வளவுதான் பேச்சு. ஆனால் சில நாட்களில் எனக்கு முழுநாளும் காதில் விழுந்த மனிதக் குரல் அது ஒன்றாகத்தான் இருக்கும்.

மனைவி காலையில் ஆறரைக்கு வீடியோவில் அழைப்பாள். அங்கே அப்போது ஐந்து மணி. டியூட்டிக்குக் கிளம்புமுன் பத்து நிமிஷம். போன் மணி அடித்ததும் அந்தப் பெரிய சேவல் கழுத்தை நீட்டிக் கொண்டையும் தாடியும் சிவக்கக் கத்தும். வான்கோழிச் சேவல் அப்படித்தான், எந்தச் சத்தம் கேட்டாலும் பதில் சொல்லும். பஸ் ஹாரனுக்குச் சொல்லும், என் தும்மலுக்குச் சொல்லும். மனைவி ஸ்பீக்கரில் பேசினால் வாக்கியத்துக்கு வாக்கியம் கத்தும். "யாருங்க அது நடுவுல பேசுறது" என்று அவள் சிரிப்பாள். மற்ற நேரத்தில் நானே சும்மா ஏதாவது உரக்கச் சொல்லிப் பார்ப்பேன், அது பதில் தருமென்று.

முதல் வருஷம் நன்றாகத்தான் போனது. குஞ்சுகள் பொரித்தன. கிறிஸ்துமஸுக்கும் நியூ இயருக்கும் கொடைக்கானல் ஓட்டல்காரர்கள் வந்து பெரிய சேவல்களாகப் பார்த்து எடுத்துப் போனார்கள். பண்டிகைக்கு என்று பக்கத்துத் தோட்டத்து அக்காவுக்கு ஒரு விடலைப் பெட்டையை உயிரோடு கொடுத்தேன். அவர் அதை அறுக்க மனமில்லாமல் தன் கோழிகளோடு விட்டுவிட்டார். நானும் ஆறு பழைய பறவைகளில் ஒன்றைக்கூட விற்கவில்லை. கேட்டவர்களிடம் முட்டைக்கு வேண்டும் என்றேன். உண்மை என்னவென்றால், வாசலில் வண்டிச் சத்தம் கேட்டதும் ஓடி வந்து என்னைச் சுற்றி நிற்கிறவை அவை மட்டும்தான்.

இரண்டாம் வருஷம் ஆடி வாக்கில் பழைய பெட்டைகளில் ஒன்று மெலிந்தது.

சீக்குக் கோழி என்றால் தீனி எடுக்காது, இறகைச் சிலுப்பிக்கொண்டு மூலையில் உட்காரும் என்றுதான் எனக்குத் தெரியும். இது அப்படி இல்லை. தீனித் தொட்டிக்கு முதல் ஆளாக வரும், மற்றவற்றைத் தள்ளிவிட்டுத் தின்னும். ஆனால் தூக்கிப் பார்த்தால் கையில் கனமே இல்லை. நெஞ்சுச் சதை இரண்டு பக்கமும் வற்றி, மாரெலும்பு கத்தி முதுகு போல விரலில் தட்டியது. வெறும் இறகு மூட்டை. தலையின் சிவப்பு வெளுத்து, தோல் காய்ந்திருந்தது. குடற்புழுவாக இருக்கும் என்று மருந்து வாங்கிக் கொடுத்தேன். ஒன்றும் மாறவில்லை.

அடுத்த மாதம் இன்னொரு பெட்டை ஒற்றைக் காலில் தத்தித் தத்தி நடந்தது. கருவேல முள் குத்தியிருக்கும் என்று பாதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். முள் இல்லை. அது மூன்று வாரம் நொண்டிவிட்டு, ஒருநாள் காலை பரணுக்கு அடியில் செத்துக் கிடந்தது. தென்னைமரத்தடியில் புதைத்தேன். பிறகு ஒன்று. அப்புறம் ஒரு மாதம் எதுவும் இல்லை. சரியாகிவிட்டது என்று நினைத்த நேரத்தில் மறுபடி ஒன்று. வெள்ளைக்கழிச்சல் வந்தால் மூன்று நாளில் கொட்டகையே காலியாகிவிடும், யாருக்கும் சந்தேகம் இருக்காது. இது அவசரமே இல்லாமல் வந்தது. அதனாலேயே நான் அதை நோய் என்று சேர்க்கவில்லை. ஒவ்வொரு சாவுக்கும் தனித்தனியாக ஒரு காரணம் சொல்லிக்கொண்டேன்.

மனைவியிடம் சொல்லவில்லை. தூரத்தில் இருக்கிறவள், ஆஸ்பத்திரியில் பன்னிரண்டு மணி நேரம் நிற்கிறவள், இதையும் எதற்குத் தூக்கிச் சுமக்க வேண்டும் என்பது ஒரு காரணம். இவனுக்கு இதுவும் சரியாக வராது என்று நினைத்துவிடுவாளோ என்பது இன்னொன்று. போன் வந்தால் கேமராவை இளம் பறவைகள் பக்கமாகத் திருப்பி வைத்துக்கொள்வேன்.

ஒருநாள் அந்த மெலிந்த பெட்டை தானாகவே என் காலடிக்கு வந்து நின்றது. திரையில் அவள் பேச்சை நிறுத்தினாள்.

"அதத் தூக்குங்க. நெஞ்சக் காட்டுங்க."

தூக்கிக் காட்டினேன். இறகை விலக்கச் சொன்னாள். விலக்கினேன்.

"சாப்பிடுதா?"

"நல்லா சாப்பிடுது."

"எம்புட்டு நாளா இப்படி?"

நான் சொன்ன பதிலில் அவளுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. திட்டவில்லை. மதுரையில் படித்து முடித்த புதிதில் நெஞ்சு நோய் வார்டில் வேலை பார்த்ததைச் சொன்னாள். அங்கே ஒருவர், தட்டில் வைத்ததை ஒரு பருக்கை விடாமல் சாப்பிடுவாராம். திங்கள்கிழமை தோறும் இவள்தான் எடை பார்ப்பாள். வாரா வாரம் முள் கீழே இறங்கிக்கொண்டே போகும். எங்கே போகிறது சாப்பாடு என்று அவர் இவளிடமே கேட்பாராம். "கோழிக்கு அது வருமான்னு எனக்குத் தெரியாது. ஆனா அத இன்னிக்கே கொண்டுபோய்க் காட்டுங்க. ஏங்க, முகத்துல துணி கட்டிக்கிட்டுத் தொடுங்க" என்று சொல்லி வைத்தாள்.

அன்று கொண்டுபோகவில்லை. மறுநாள் காலை அதுவே செத்துவிட்டது. சாக்கில் போட்டு, டிவிஎஸ் வண்டியில் முன்னால் வைத்துக்கொண்டு டவுனுக்கு ஓட்டினேன்.

மாட்டாஸ்பத்திரியில் இருந்த டாக்டரம்மாவுக்கு முப்பது வயதுக்குள்தான் இருக்கும். கொங்குப் பக்கத்துப் பேச்சு. பறவையை மேசையில் மல்லாத்தி வைத்து முதலில் நெஞ்சை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு என்னிடம் திரும்பி, "ஏனுங்கண்ணா, இதுக்கு என்ன வயசுங்க?" என்றார். வாங்கும்போதே பெரிய கோழி, நான் வாங்கி இரண்டு வருஷம் ஆகப்போகிறது என்றேன். அவர் தலையாட்டிவிட்டு இரண்டு கையுறைகளை ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டுக்கொண்டார்.

வயிற்றைத் திறந்ததும் உள்ளே ரத்தம் கட்டியிருந்தது. ஈரல் வெடித்திருக்கிறது, அதுதான் திடீர்ச் சாவு என்றார். ரத்தத்தைத் துடைத்துவிட்டு ஈரலைத் தூக்கிக் காட்டினார். கறுப்புச் சிவப்பாக இருக்க வேண்டிய ஈரல் முழுக்க வெளிர்மஞ்சளாக முடிச்சு முடிச்சாக இருந்தது. சில கடுகு அளவு, சில பட்டாணி அளவு. மண்ணீரலிலும் அப்படியே. குடலின் வெளிப்பக்கம் யாரோ மணி கோத்தது போல. ஒரு முடிச்சைக் கத்தியால் கீறினார். உள்ளே பழைய தயிர்க்கட்டி மாதிரி இருந்தது. நொண்டிய கோழியைப் பற்றிச் சொன்னேன். எலும்புக்குள்ளும் இது போகும், அதுதான் முள் இல்லாமலே நொண்டியது என்றார்.

கண்ணாடித் துண்டில் தேய்த்துச் சாயம் போட்டுப் பார்க்க உள்ளே போனார். நான் வெளியே சிமென்ட் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். என்னோடு ஒரு சினைமாடும் அதன் சொந்தக்காரரும் காத்திருந்தார்கள். அரைமணி கழித்து டாக்டரம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்.

"டி.பி.ங்கண்ணா. பறவைங்களுக்கு வர்ற டி.பி. பெரிய லேபுக்கும் அனுப்பறேன். ஆனா எனக்குச் சந்தேகம் இல்லைங்க."

எலும்புருக்கி என்று பழைய ஆட்கள் அந்த நோயைச் சொல்வார்கள். அந்தப் பெயரின் அர்த்தம் எனக்கு அன்றைக்குத்தான் விரலில் பட்டது.

மருந்து என்ன என்று கேட்டேன். பறவைக்கு வைத்தியம் கிடையாது என்றார். மாதக் கணக்கில் மருந்து கொடுத்தாலும் கிருமி போகாது, அதற்குள் எச்சத்தின் வழியாக மண்ணெல்லாம் பரவிவிடும் என்றார். எனக்கு ஆபத்து உண்டா என்று கேட்டேன். மனிதனுக்குப் பொதுவாக வருகிற டி.பி. கிருமி வேறு, இது வேறு, திடமாக இருக்கிற ஆளுக்கு இது தொற்றுவது ரொம்ப அபூர்வம் என்றார். எனக்குச் சர்க்கரை இருப்பதைச் சொன்னதும், மாஸ்க்கும் கையுறையும் இல்லாமல் கொட்டகைக்குள் போக வேண்டாம், எதற்கும் நெஞ்சு எக்ஸ்ரே ஒன்று எடுத்துவிடுங்கள் என்றார். இனி ஒரு பறவையோ முட்டையோ வெளியே போகக் கூடாது. செத்ததை நாய்க்குப் போடக் கூடாது.

இரண்டு நாள் கழித்துக் கொட்டகைக்கு வந்தார். வாசலில் நின்றபடியே எல்லாவற்றையும் ஒரு சுற்றுப் பார்த்தார். மண் தரை, அதில் ஈரம், தரையில் வைத்த தண்ணீர்ச் சட்டி, உள்ளே மேயும் காக்காய், நாட்டுக்கோழி, வயதான பறவையும் குஞ்சும் ஒரே பரணில். அவர் குறை சொல்லவில்லை. ஆனால் அவர் பார்க்கிற ஒவ்வொரு இடத்திலும் நான் என்ன செய்திருக்கிறேன் என்று எனக்கே தெரிந்தது. வயதான பறவையில்தான் இது முற்றும், அதுதான் நாள் முழுக்க எச்சத்தில் கிருமியைக் கொட்டிக்கொண்டிருக்கும், பார்வைக்கு ஒன்றும் தெரியாது என்றார். ஒரு முட்டைப் பருவம் முடிந்ததும் பழையதைக் கழித்துவிடச் சொல்வது அதனால்தானாம்.

தாடியில் ஊசி போட்டுப் பார்க்கிற ஒரு சோதனை இருக்கிறது, ஆனால் வான்கோழிக்கு அதை அவ்வளவாக நம்ப முடியாது, அந்த மருந்தும் இங்கே கிடைப்பதில்லை என்றார். அதற்குப் பதிலாகப் பார்க்க நன்றாக இருக்கிற இரண்டு பறவைகளைக் கேட்டார். நானே பிடித்துக் கொடுத்தேன். மினுமினுவென்று கறுத்த இறகோடு இருந்த ஒரு விடலைச் சேவலின் ஈரலிலும் மூன்று நான்கு வெள்ளைப் புள்ளிகள் இருந்தன.

அதற்கு மேல் அவர் என்ன சொல்லப்போகிறார் என்று தெரிந்துவிட்டது. அவர் சொல்லத் தயங்கியதால் நானே கேட்டேன்.

"எல்லாத்தையுமா?"

"எல்லாத்தையுங்கண்ணா."

பிறகு வேலிக்கு அந்தப் பக்கம் பார்த்து, அந்த நாட்டுக்கோழிகள் யாருடையவை என்று கேட்டார்.

பக்கத்துத் தோட்டத்துக்கு நான் அன்று சாயங்காலம் போனேன். இரண்டு வருஷத்தில் அவர் வீட்டு வாசல் வரை நான் போனது அதுதான் முதல் தடவை. பேச்செல்லாம் வேலி ஓரத்திலேயே முடிந்துவிடும். அக்கா மறுநாளைக்குக் கூடைகளைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னேன். என் கோழிகளோடு மேய்ந்த கோழிகள், நான் கொடுத்த அந்தப் பெட்டை, டாக்டர் வந்து பார்க்க வேண்டும் என்கிறார் என்றேன். அவர் கையிலிருந்த கூடையையும் கழுவிக் கவிழ்த்தார்.

"ஒன் கோழிக்கு சீக்குன்னா என் கோழிய எதுக்குத் தம்பி அறுக்கணும்?"

 டாக்டரம்மா வந்து ஒரு கோழியை அறுத்துக் காட்டிய பிறகு பதினோரு கோழிகளையும் அவரே பிடித்துக் கொடுத்தார். நான் கொடுத்த வான்கோழியைப் பிடிக்க மட்டும் அவர் வரவில்லை. வீட்டுக்குள் போய்விட்டார்.

மறுநாள் காலை ஜேசிபி வந்து, கிணற்றுக்கு எட்டாத தூரத்தில், ஆள் உயரத்துக்கும் ஆழமாகக் குழி தோண்டியது. டாக்டரம்மாவும் ஆஸ்பத்திரி உதவியாளர் ஒருவரும் வந்தார்கள். முப்பத்தெட்டுப் பறவைகள். பிடிக்க ஆள் வேண்டுமா என்று கேட்டார்கள். வேண்டாம் என்றேன். தீனி டப்பாவைத் தட்டினால் அவையே வரும். வந்தன. ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தேன். நடுவில் டாக்டரம்மாவின் போன் அடித்தது. பெரிய சேவல் வழக்கம்போலப் பதில் சொன்னது. அவர் போனை அணைத்துவிட்டு என் முகத்தைப் பார்க்காமல் நின்றார். அதையும் நான்தான் எடுத்துக் கொடுத்தேன். கனமாகவே இருந்தது. இதற்கு ஒன்றும் இல்லாமல் இருக்குமோ என்று ஒரு நிமிஷம் தோன்றியது. கேட்கவில்லை. கேட்டு அவர் திறந்து பார்த்துவிட்டால், எந்தப் பதில் வந்தாலும் எனக்குத் தாங்காது.

குழியில் சுண்ணாம்பைக் கொட்டி மூடினார்கள். பரண் மூங்கிலையும் மரத் தொட்டிகளையும் என் பழைய செருப்பையும் எரித்தோம். கிளம்பும்போது டாக்டரம்மா, இந்தத் தரையில் வருஷக் கணக்கில் பறவை விட வேண்டாம், மண்ணுக்குள் இந்தக் கிருமி அவ்வளவு நாள் உயிரோடு இருக்கும் என்றார். நல்ல வெயில் படட்டும், மேல்மண்ணைச் சுரண்டிப் புதையுங்கள், பறவைக்குச் சம்பந்தமில்லாத ஏதாவது பயிர் வையுங்கள் என்றார்.

மறுநாள் காலை ஆறரைக்கு மனைவியின் அழைப்பு வந்தபோது, நாலைந்து நாளாக மெசேஜில் மட்டும் பதில் சொல்லிவந்தவன், அன்று எடுத்துவிட்டேன். கேமராவை எங்கே திருப்புவது என்று தெரியவில்லை. காலிக் கொட்டகையைக் காட்டினேன். நடந்ததை முதலிலிருந்து சொன்னேன். நாலு மாதமாக மறைத்ததையும் சொன்னேன். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். நீங்கள் இருமுகிறீர்களா, சாயங்காலம் காய்ச்சல் வருகிறதா, எடை குறைந்திருக்கிறதா என்று வரிசையாகக் கேட்டாள். இல்லை, இல்லை, தெரியவில்லை என்றேன். பிறகு போனை இன்னும் கிட்டே பிடித்துக்கொண்டாள்.

"நானும் ஒண்ணு சொல்லலங்க. போன மாசம் இன்னும் ரெண்டு வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுட்டேன். பாப்பா படிப்பு முடியணும்ல. எப்படிச் சொல்றதுன்னு தெரியாம இருந்தேன்."

சரி என்றேன். அவள் டியூட்டிக்கு நேரமாகிவிட்டது. எங்கள் கல்யாண வாழ்க்கையில் இரண்டு பேரும் ஒரே காலத்தில் ஒருவருக்கொருவர் மறைத்தது அது ஒன்றுதான் என்று நினைக்கிறேன். சொல்லி முடித்ததும் கோபம் வரும் என்று பார்த்தேன். வரவில்லை. வெறுமனே பசித்தது. சாதம் மட்டும் வடித்து ஊறுகாயோடு தின்றேன். அந்த வாரமும் அடுத்த வாரமும் வேலிக்கு மேலாகத் தூக்கு வரவில்லை.

எக்ஸ்ரே எடுக்க டவுன் பெரியாஸ்பத்திரிக்குப் போனேன். காசநோய்ப் பிரிவுக்கு வெளியே வரிசையில் எல்லோரும் மாஸ்க்கோடு, ஒருவருக்கொருவர் இடம்விட்டு உட்கார்ந்திருந்தார்கள். சளியைப் பிடிக்க ஒரு சின்ன டப்பா கொடுத்தார்கள். பக்கத்தில் இருந்தவர் மூன்றாம் மாத மாத்திரை வாங்க வந்தவர். யாருக்கு, உங்களுக்கா என்று விசாரித்தார். என் கோழிக்கு என்றேன். அவர் மாஸ்க்குக்குள் சிரித்தார், பிறகு நான் விளையாடவில்லை என்று தெரிந்து முழுக் கதையையும் கேட்டார். தனக்குச் சாப்பாடு இப்போது உடம்பில் ஒட்ட ஆரம்பித்துவிட்டது, நாலு கிலோ ஏறியிருக்கிறேன் என்று சொன்னார். அந்த மாதத்தில் நான் முகம் பார்த்து நெடுநேரம் பேசியது அவரோடுதான். என் ரிசல்ட்டில் ஒன்றும் இல்லை என்று வந்தது.

ஆனால் கன்னிவாடியில் செய்தி எனக்கு முன்னால் போய்விட்டிருந்தது. டீக்கடையில் எனக்கு மட்டும் பேப்பர் கப்பில் டீ வந்தது. ரிசல்ட் காகிதத்தை எடுத்துக் காட்டலாமா என்று யோசித்தேன். காட்டவில்லை. குடித்துவிட்டு வந்தேன்.

மனைவி தை மாதம் ஒரு மாத லீவில் வந்தாள். வந்த மறுநாள் அவளே ஒரு பாத்திரத்தில் பாயசம் எடுத்துக்கொண்டு பக்கத்துத் தோட்டத்துக்குப் போனாள். ஒரு மணி நேரம் கழித்துத் திரும்பினாள். என்ன பேசினீர்கள் என்று கேட்டேன். பூ விலையைப் பற்றி என்றாள்.  அவள் போய் வந்த பிறகு அந்த அக்கா என்னைக் கண்டால் தலையாட்ட ஆரம்பித்தார். அதற்கு மேல் பேச்சு திரும்பவில்லை. அவர் பிறகு கோழியே வளர்க்கவில்லை.

பழைய இடத்தில் மேல்மண்ணைச் சுரண்டிப் புதைத்து, சுண்ணாம்பு போட்டு, முருங்கை நட்டேன். ஒன்றரை வருஷம் வேறு வேலை பார்த்தேன். சித்தையன்கோட்டையில் ஒரு அரிசி மில்லில் மெஷின் பழுது பார்க்கப் போய் வந்தேன். அதற்குப் பிறகுதான் நிலத்தின் மறுகோடியில், மேட்டில், புதிதாகக் கொட்டகை போட்டேன். டாக்டரம்மாவை அழைத்து வந்து காட்டித்தான் ஒவ்வொன்றையும் செய்தேன். சிமென்ட் தரை, அரைச் சுவர், அதற்கு மேல் சிட்டுக்குருவிகூட நுழையாத வலை. வாசலில் மருந்துத் தண்ணீர்த் தொட்டி, உள்ளே போக மட்டும் ஒரு ஜோடி செருப்பு. பழைய சாமான் எதுவும் வாங்கவில்லை. வளர்ந்த பறவையை யார் சும்மா கொடுத்தாலும் வேண்டாம் என்றேன். ஒரே இடத்தில், ஒரே நாளில் பொரித்த குஞ்சுகளாக எடுத்தேன். பதினைந்து நாளுக்கு ஒருமுறை பிடித்து எடை போட்டு, நெஞ்சைத் தடவிப் பார்ப்பேன். எடை ஏறாததைத் தனியே பிரிப்பேன். செத்தால் புதைக்காமல் சாக்கில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போவேன். டாக்டரம்மா மாற்றலாகிப் போன பிறகும் அப்படித்தான் செய்கிறேன். புது டாக்டர், இந்த ஒரு கோழிக்காகவா இவ்வளவு தூரம் வந்தீர்கள் என்று கேட்டார். ஆமாம் என்றேன்.

முக்கியமானது கடைசியில் வருகிறது. எல்லாம் ஒன்றாக வர வேண்டும், எல்லாம் ஒன்றாகப் போக வேண்டும். ஒன்றைக்கூட அடுத்த வருஷத்துக்கு வைத்துக்கொள்ளக் கூடாது. போன மார்கழியில் வண்டி வந்தபோது லீவுக்கு வந்திருந்த மகள் பக்கத்தில் நின்றாள். ஒரு சேவல் அவளுக்குப் பிடித்துப்போயிருந்தது.

"இத மட்டும் வெச்சுக்கலாமேப்பா. தனியா இருக்கீங்கள்ல."

வேண்டாம் என்றேன். ஏன் என்று சொல்ல ஆரம்பித்து, பாதியில் நிறுத்திவிட்டேன். அவளுக்குக் காரணம் தெரியும். கூண்டுகள் ஏறின. வண்டி கன்னிவாடி ரோட்டில் திரும்பியது. அவளும் இரண்டு நாளில் கோயம்புத்தூருக்குக் கிளம்பினாள்.

தரையைக் கழுவி, சுண்ணாம்பு அடித்து, வலைக்கதவைப் பூட்டினேன். அடுத்த குஞ்சுகள் பங்குனியில்தான். அதுவரை கொட்டகை காய வேண்டும். மனைவி காலையில் போனில், இந்த மூன்று மாதம் என்ன செய்யப்போகிறீர்கள் என்று கேட்டாள். பார்க்கலாம் என்றேன். சுண்ணாம்பு அடித்த காலிக் கொட்டகையைக் கேமராவில் காட்டினேன். பிறகு அவளுக்குப் பஸ் வந்துவிட்டது.